சலீமின் குரல் யாருடையது?

கே. ஆசிப் ‘முகல்-ஏ-ஆசம்’ படத்தை எடுத்தபோது ஒவ்வொரு காட்சியையும் மூன்று முறை எடுத்தார். இந்தி-உருதுக்கு ஒன்று, தமிழுக்கு ஒன்று, ஆங்கிலத்துக்கு ஒன்று. 1960இல் இந்திப் பதிப்பு வெளிவந்து வசூலில் அதுவரை வந்த படங்களையெல்லாம் தாண்டியது. அடுத்த ஆண்டு தமிழ்ப் பதிப்பு, டப்பிங் குரல்களோடு, ‘அக்பர்’ என்ற பெயரில் வந்தது. ஓடவில்லை. அந்த அடியில் ஆங்கிலப் பதிப்பைச் செய்யும் எண்ணத்தையே கைவிட்டார்கள்.

டப்பிங் படம் தோற்றால் நம் ஊரில் உடனே சொல்லும் காரணம் ‘லிப் ஒட்டல’ என்பது. ‘அக்பர்’ விஷயத்தில் அதைச் சொல்லித் தப்பிக்க முடியாது. தமிழையும் மனத்தில் வைத்துக் காட்சிகளைத் தனியாக எடுத்த இந்திப் படம் வேறு எத்தனை இருக்கிறது? எனக்குத் தோன்றும் காரணம் வேறு. 1961இல் தமிழ் ரசிகருக்கு, அக்பரின் மகனும் அனார்கலியின் காதலனுமான சலீம் புதியவன் அல்ல. 1954இல் ‘இல்லற ஜோதி’ படத்துக்குள் வந்த அனார்கலி நாடகத்தில் சிவாஜி கணேசன் சலீமாகப் பேசியிருந்தார். 1955இல் நாகேஸ்வர ராவும் அஞ்சலி தேவியும் நடித்த ‘அனார்கலி’ வந்து போயிருந்தது. சலீம் எப்படிப் பேசுவான் என்பது நம் காதில் ஏற்கெனவே பதிந்துவிட்ட ஒன்று. ஆசிப் படத்தில் திலீப்குமாரின் சலீமோ குரலைத் தாழ்த்திப் பேசுகிறவன். பாதியைச் சொல்லாமல் கண்ணில் வைத்திருப்பவன். அந்த மௌனமான முகத்தின்மேல் எந்தத் தமிழை ஏற்றுவது? அடுக்குமொழியை ஏற்றினால் முகம் ஒத்துழைக்காது. ஏற்றாவிட்டால் சிவாஜியைக் கேட்ட காது ஒத்துக்கொள்ளாது. போதாக்குறைக்கு, காதலர் கதைக்குத் தகப்பன் பெயர். மூலத் தலைப்பும் அக்பரைத்தான் குறிக்கிறது என்பது உண்மைதான். ஆனால் ‘முகலாயரில் மாபெரியவர்’ என்ற கம்பீரம் வேறு, வெறும் ‘அக்பர்’ வேறு. பின்னது பள்ளிக்கூட வரலாற்றுப் பாடம் மாதிரி இருக்கிறது.

இந்திக் காதல் படம் தமிழில் எடுபடுவதும் படாததும் உதட்டசைவைவிட, தமிழ் ரசிகரிடம் ஏற்கெனவே இருக்கும் நினைவைப் பொறுத்தது என்று நினைக்கிறேன். எந்தக் குரல், எந்தப் பெயர், எந்தப் பழங்கதை என்று டப்பிங் செய்கிறவர் தேர்ந்தெடுக்கும் ஒவ்வொன்றும் தன்னோடு ஒரு தமிழ் நினைவை இழுத்துக்கொண்டு வருகிறது. அந்த நினைவு சில சமயம் படத்தைத் தூக்கி நிறுத்தும். சில சமயம் காலை வாரிவிடும்.

உதட்டைப் பற்றிப் பேசாமலும் இருக்க முடியாது. பிலிம் காலத்தில் படச்சுருளைச் சிறு துண்டுகளாக வெட்டி, நுனிகளை ஒட்டி வளையமாக்குவார்கள். லூப் என்று பெயர். அது திரையில் திரும்பத் திரும்ப ஓட, கலைஞர்கள் மைக்கைச் சூழ்ந்து நின்றுகொண்டு வசனம் பொருந்தும் வரை பேசுவார்கள். ஒருவர் தடுமாறினால் எல்லாரும் மறுபடி பேச வேண்டும். கணினி வந்த பிறகு அவரவர் தனியாக வந்து தன் வரிகளைப் பேசிவிட்டுப் போகலாம். வேலை சுலபமாயிற்று; காதல் காட்சிக்கு அது நல்லதா என்பதில் எனக்குச் சந்தேகம் உண்டு. காதலன் செவ்வாய்க்கிழமை பேசியதற்குக் காதலி வெள்ளிக்கிழமை பதில் சொல்கிறாள். நடுவில் இருக்க வேண்டிய மூச்சை இரண்டு பேருமே கேட்டிருக்க மாட்டார்கள்.

ஒரு விஷயத்தில் இந்தியும் தமிழும் நல்ல ஜோடி. இரண்டிலும் வினை கடைசியில் வருகிறது. ஆகவே நடிகர் எதைச் சொல்லி முடிக்கும்போது முகம் மாறுகிறதோ அதே இடத்தில் தமிழ் வசனமும் முடியும். ஆங்கிலப் படத்தை டப்பிங் செய்பவருக்கு இந்த வசதி கிடையாது. சிக்கல் உதடு மூடும் எழுத்துகளில் இருக்கிறது. க்ளோஸ்-அப்பில் ‘ப’வும் ‘ம’வும் தப்பினால் குழந்தைகூடக் கண்டுபிடித்துவிடும். இந்திக்காரர் காதலைச் சொல்லும் ‘பியார்’, ‘முஹப்பத்’ இரண்டுமே மூடிய உதட்டில் தொடங்குகின்றன. நம் ‘காதல்’ உதட்டைத் தொடுவதே இல்லை. காதல் படத்தின் தலையாய சொல்லே ஒட்டாது! இதற்குப் பேச்சுத்தமிழில் ஒரு வழி இருக்கிறது: ‘பிடிச்சிருக்கு’. உதடும் பொருந்துகிறது, தமிழ்ப் பெண்ணும் பையனும் உண்மையில் அப்படித்தான் சொல்கிறார்கள். இதைக் கண்டுகொள்ளாமல் ‘நான் உன்னைக் காதலிக்கிறேன்’ என்றே எழுதிக்கொண்டிருந்ததால்தான் ‘டப்பிங் படம் மாதிரிப் பேசாதே’ என்பது நம் வீடுகளில் கேலியாயிற்று.

இந்தியில் முன்னிலைக்கு மூன்று படிகள் உண்டு: தூ, தும், ஆப். காதல் வளர வளர ஆள் ஒரு படியிலிருந்து இன்னொரு படிக்கு இறங்குவான். சண்டை வந்தால் ஏறுவான். நம்மிடம் அன்றாடப் பேச்சில் நீ, நீங்க என்று இரண்டே. மூன்றாவது படியை ‘டா’வும் ‘டி’யும் ‘ப்பா’வும் ‘ம்மா’வும் சமாளிக்கின்றன. அவற்றை எங்கே போடுவது என்று தெரிந்தவர்தான் நல்ல டப்பிங் வசனகர்த்தா. பாத்திரத்தின் வயது, ஊர், சாதி, படிப்பு எல்லாம் அந்த ஓரெழுத்தில் வெளிப்பட்டுவிடும்.

தமிழ்நாட்டுக்கு இந்திக் காதல் படம் வந்துசேர மூன்று பாதைகள் இருந்தன. டப்பிங் அவற்றில் கடைசி, மரியாதையும் குறைவு. முதல் பாதை, மூலத்தை அப்படியே பார்ப்பது. 1965இன் இந்தி எதிர்ப்புப் போராட்டம் முடிந்து சில ஆண்டுகளே ஆகியிருந்த நிலையில் ‘ஆராதனா’வும் ‘பாபி’யும் இந்தியிலேயே சென்னையில் கூட்டத்தை இழுத்தன. திணிக்கப்பட்ட மொழியை எதிர்த்தவரே விரும்பிப் பாட்டுக் கேட்கப் போவதில் ஒரு முரணும் இல்லை. ஒன்று அரசு ஆணை, மற்றது டிக்கெட். இரண்டாம் பாதை ரீமேக். ‘ஆராதனா’ 1974இல் சிவாஜி நடிக்க ‘சிவகாமியின் செல்வன்’ ஆயிற்று. ‘ஜப் வி மெட்’ 2009இல் ‘கண்டேன் காதலை’ ஆனபோது நாயகியின் பஞ்சாபிக் குடும்பத்தைத் தேனிப் பக்கத்துக் குடும்பமாக மாற்றினார்கள். ரீமேக்கில் ஊரை மாற்றலாம், உறவுமுறையை மாற்றலாம், சாப்பாட்டை மாற்றலாம். டப்பிங்கில் சர்தார்ஜி தலைப்பாகையோடுதான் நிற்பார். அவர் வாயில் ‘மாப்ளே’ வந்தால் சிரிப்பு வரும்.

ஐம்பதுகளில் டப்பிங்குக்கு இருந்த மதிப்பு பிறகு குறைந்தது என்றே தோன்றுகிறது. மெஹபூப் கானின் ‘ஆன்’ தமிழில் ‘முரட்டு அடியாள்’ என்ற பெயரையும் சேர்த்துக்கொண்டு வந்தது. ‘உடன் கடோலா’ 1956இல் ‘வானரத’மாகி வந்தபோது லதா மங்கேஷ்கரே தமிழில் பாடினார். இரண்டுக்கும் இசை நௌஷாத். அந்த மெட்டுகளுக்குத் தமிழில் பாட்டெழுதியவர் கம்பதாசன். ஏற்கெனவே போட்ட மெட்டு, ஏற்கெனவே அசைந்துவிட்ட உதடு, ஏற்கெனவே எழுதப்பட்ட உணர்ச்சி. மூன்றுக்கும் கட்டுப்பட்டு ஒரு கவிஞர் எழுத வேண்டும். தமிழ்ப் பாடலாசிரியர் வரலாற்றில் இந்த வேலைக்கு உரிய இடத்தை நாம் இன்னும் கொடுக்கவில்லை.

குரலுக்கு வருகிறேன். 1989இல் ‘மைனே பியார் கியா’ வந்தபோது சல்மான் கானுக்குப் பாடியவர் எஸ்.பி. பாலசுப்ரமணியம். படம் தமிழில் ‘காதல் ஒரு கவிதை’. தெலுங்கிலும் மலையாளத்திலும் தலைப்பில் புறாவைப் பறக்கவிட்டார்கள். நாம் மட்டும் கவிதை என்றோம். பம்பாய் நாயகனின் பாட்டுக்குரல் இருபது ஆண்டுகளாக நம் வீட்டு வானொலியில் கேட்ட குரல். வெளியூர்ப் பையனை நமக்கு அறிமுகம் செய்துவைத்த சொந்தக்காரர் என்று அந்தக் குரலைச் சொல்லலாம்.

இந்தச் சூத்திரத்தை முழு உணர்வோடு பயன்படுத்தியது மணிரத்னத்தின் ‘உயிரே’. 1998இல் வந்த ‘தில் ஸே’யின் தமிழ்ப் பதிப்பு. வைரமுத்து பாடல்கள் எழுத, ஷாருக் கானுக்கு அரவிந்த்சாமி குரல் கொடுத்தார். இது சாதாரணத் தேர்வல்ல. ஆறு ஆண்டுகளுக்கு முன் ‘ரோஜா’வில் எரியும் தேசியக் கொடியின்மேல் பாய்ந்தவனின் குரல் அது. இப்போது அதே குரல், நாட்டுக்கு எதிராக ஆயுதம் எடுத்த ஒருத்தியிடம் மனத்தைப் பறிகொடுக்கிறது. இந்திப் பதிப்பைப் பார்த்தவருக்கு இந்த முடிச்சு கிடையாது. அவருக்கு ஷாருக் கான் ஷாருக் கான்தான். தமிழ்ப் பதிப்பைப் பார்த்தவருக்கோ இரண்டு படங்கள் ஒன்றன்மேல் ஒன்றாக ஓடின. நாயகன் வேலை பார்ப்பது அகில இந்திய வானொலியில். அவளைச் சந்தித்த கதையை அவன் ஒலிபரப்பவும் செய்கிறான். குரலால் காதலிக்கும் ஒருவனுக்கு யார் குரலைத் தருவது என்பது அந்தப் படத்தில் தொழில்நுட்ப விவரம் அல்ல, கதையின் பகுதி. 2007இல் ‘குரு’வில் அபிஷேக் பச்சனுக்கு சூர்யா பேசியதும் இந்த வழியில் வந்ததுதான். ஆனால் அங்கே குரல் நாயகனைத் தமிழனாக்கியதே தவிர, கதைக்கு ஒன்றும் கூட்டவில்லை.

திரையரங்கில் தயங்கித் தயங்கி நடந்தது, தொலைக்காட்சியில் ஓட்டமாகவே நடந்தது. ‘படே அச்சே லக்தே ஹைன்’ பாலிமர் தொலைக்காட்சியில் ‘உள்ளம் கொள்ளை போகுதடா’ ஆயிற்று. விஜய் தொலைக்காட்சியில் ‘என் கணவன் என் தோழன்’, ‘இது காதலா’. ராஜ் தொலைக்காட்சியில் ‘சிந்து பைரவி’, ‘மண் வாசனை’. இரண்டரை மணி நேரப் படத்தில் ஒட்டாத உதடு, தினமும் அரை மணி நேரம் பார்த்தால் ஒட்டிவிடுகிறது. ஒரு வாரத்தில் அந்த முகத்துக்கு அந்தக் குரல் இயல்பாகிவிடும். இன்னொன்றும் உண்டு: தொடரைப் பெரும்பாலும் கேட்கிறார்கள், பார்ப்பது இடையிடையேதான். காய் நறுக்கிக்கொண்டே கேட்பவருக்கு உதடு ஒரு பொருட்டே அல்ல. முகத்தில் குங்குமம் வடக்கத்திப் பாணியில் வகிட்டில் ஏறியிருக்கும், குரல் மட்டும் நம் தெருவில் கேட்பது. அந்த விநோதம் சில மாதங்களில் விநோதமாக இல்லாமல் போயிற்று. இன்று ஓடிடி தளங்களில் தமிழ் ஒலியைத் தேர்ந்தெடுக்கும் பார்வையாளரின் காதைப் பழக்கியது மும்பைத் திரையுலகம் அல்ல, இந்தத் தொடர்கள்தான் என்பேன்.

டப்பிங்கால் சமாளிக்கவே முடியாத ஒரு வகைக் காதல் படம் இருக்கிறது: மொழி தெரியாததே கதையாக இருக்கும் படம். கே. பாலசந்தரின் ‘ஏக் துஜே கே லியே’ 1981இல் வந்தது. தமிழ்ப் பையன் வாசு, இந்திப் பெண் சப்னா. ஒருவர் மொழி மற்றவருக்குத் தெரியாது. அதன் மூலமான ‘மரோ சரித்ரா’ தெலுங்கிலேயே சென்னையில் நெடுநாள் ஓடியது. தமிழ் இளைஞனும் தெலுங்குப் பெண்ணும் காதலிக்கும் கதையைத் தமிழாக்கினால் கதையே போய்விடும். பார்வையாளரும் நாயகனும் சேர்ந்து புரியாமல் விழிப்பதில்தான் அதன் சுவை. டப்பிங் உலகத்தில் எல்லாருக்கும் எல்லாம் புரிகிறது. அங்கே மொழித் தடை என்று ஒன்று எழவே முடியாது. 2021இல் ‘அத்ரங்கி ரே’ தமிழில் ‘கலாட்டா கல்யாண’மாக வந்தபோதும் இதே சிக்கல். தமிழ் மருத்துவ மாணவனுக்கும் பீகார்ப் பெண்ணுக்கும் கட்டாயக் கல்யாணம். அவன் தமிழில் பொருமுவது அவளுக்குப் புரியாததில் பிறக்கும் வேடிக்கை, இருவரும் தமிழ் பேசும் பதிப்பில் எங்கே போய் ஒதுங்கும்?

இந்த வரிசையில் எனக்கு மிக முக்கியமாகப் படுவது ஆனந்த் எல். ராயின் ‘ராஞ்ஜணா’. 2013 ஜூனில் இந்தியிலும், ஒரு வாரம் கழித்துத் தமிழில் ‘அம்பிகாபதி’ என்றும் வந்தது. தனுஷ் நடிக்கும் குந்தன், காசியில் வாழும் தமிழ்ப் புரோகிதக் குடும்பத்துப் பையன். தனுஷின் இந்தி உச்சரிப்புக்குக் கதையில் ஒரு நியாயம் கிடைக்கிறது. ஆனால் இது வெறும் சாக்கு அல்ல. காசியில் தமிழர் வாழ்வது பழைய விஷயம். கேதார் காட்டில் குமரகுருபரர் வழிவந்த மடம் இருக்கிறது, நகரத்தார் சத்திரம் இருக்கிறது, அனுமன் காட்டில் இளவயது பாரதி இருந்த வீடு இருக்கிறது. இந்திப் பதிப்பில் குந்தன் பனாரஸ் தெருப்பிள்ளையாகவும் இருக்கிறான், முழுக்க அந்த ஊர்க்காரனாக ஒப்பப்படாதவனாகவும் இருக்கிறான். அவன் காதலிக்கும் ஸோயா உருது புழங்கும் முஸ்லிம் வீட்டுப் பெண். அவள் காதலிப்பதோ ஜஸ்ஜீத் என்ற சீக்கியனை. அவன் அக்ரம் என்ற பெயரில் அவள் குடும்பத்துக்கு அறிமுகமாகிறான். யார் எந்தச் சமூகம் என்பதைப் பேச்சே காட்டிக்கொடுக்கும் உலகம் அது. தமிழ்ப் பதிப்பில் எல்லாரும் தமிழ் பேசுகிறார்கள். தனுஷ் தன் சொந்தக் குரலில் பேசுவதால் அவர் இயல்பாக இருக்கிறார். சுற்றி இருப்பவர்கள்தான் டப்பிங். மூலத்தில் அந்நிய வாடை அடித்தவன் இங்கே ஒருவனே உள்ளூர்க்காரன். இப்படித் தலைகீழாகிப் போன டப்பிங் படம் வேறொன்று எனக்கு நினைவுக்கு வரவில்லை.

ஆனால் பெயர் வைத்தவரை மெச்ச வேண்டும். மூலத் தலைப்பு பஞ்சாபிக் கதையான ஹீர்-ராஞ்ஜாவிலிருந்து வருகிறது. காதலிக்காகச் செத்த ராஞ்ஜாவுக்குத் தமிழில் யார்? கம்பர் மகன் அம்பிகாபதி. சிற்றின்பம் கலவாமல் நூறு பாட்டுப் பாடினால் சோழன் மகள் அமராவதி அவனுக்கு. காப்புச் செய்யுளையும் சேர்த்து எண்ணிவிட்ட அமராவதி, தொண்ணூற்றொன்பதிலேயே நூறு முடிந்ததாக நினைத்து எழுந்து நிற்கிறாள். அவளைக் கண்டவன் அவளைப் பாடிவிடுகிறான். தலை போகிறது. 1937இல் எம்.கே. தியாகராஜ பாகவதரும் 1957இல் சிவாஜியும் அந்த வேடத்தில் செத்திருக்கிறார்கள். அம்பிகாபதி கதை, ‘ராஞ்ஜணா’ இரண்டிலும் அவன் சாவுக்குக் காரணம் அவள். அமராவதி அவசரத்தில் தெரியாமல் செய்தாள். ஸோயா தெரிந்தே செய்கிறாள், அவனும் தெரிந்தே போகிறான். இந்த வித்தியாசத்தைத் தமிழ் ரசிகர் தானாகவே உணர்ந்துகொள்வார். ‘அம்பிகாபதி’ என்று சுவரொட்டியில் படித்த உடனே, இவன் பிழைக்க மாட்டான் என்று அவருக்குத் தெரிந்துவிடும். இரண்டு மணி நேரம் அவர் பார்ப்பது எப்படி என்பதைத்தான். ஒரே சொல்லில் இவ்வளவு வேலையை வசனம் எதுவும் செய்திருக்காது. ஒப்பிட்டுப் பாருங்கள்: ‘பிரேம் ரத்தன் தன் பாயோ’வைத் தமிழில் ‘மெய் மறந்தேன் பாராயோ’ என்றார்கள். ‘பாயோ’வுக்கு ‘பாராயோ’ ஓசையில் கச்சிதம், அவ்வளவுதான்.

2025 ஆகஸ்ட் 1 அன்று, படத்தைத் தயாரித்த ஈராஸ் நிறுவனம் ‘அம்பிகாபதி’யைத் திரையரங்குகளில் மறுவெளியீடு செய்தது. முடிவைச் செயற்கை நுண்ணறிவைக் கொண்டு மாற்றியிருந்தார்கள். மருத்துவமனைக் கட்டிலில் குந்தன் கண் திறக்கிறான். தன்னைக் கலந்தாலோசிக்கவில்லை என்று இயக்குநர் கண்டித்தார். தன் ஆட்சேபத்தையும் மீறி நடந்தது, படத்தின் உயிரே போய்விட்டது என்று தனுஷ் அறிக்கை விட்டார். உரிமை தங்களிடம் இருக்கிறது என்றது நிறுவனம். அந்த மறுவெளியீட்டில் அம்பிகாபதி என்ற பெயருடையவன் உயிரோடு வீட்டுக்குப் போகிறான்! தலைப்பு என்ன சொல்கிறது என்று அந்த வேலையைச் செய்தவர்களில் யாருக்காவது தெரிந்திருந்தால் குறைந்தபட்சம் பெயரையாவது மாற்றியிருப்பார்கள். கை வைத்தது தமிழ்ப் பதிப்பில் என்பதும் தற்செயலாக எனக்குப் படவில்லை. டப்பிங் பிரதியை அசல் என்று யாரும் நினைப்பதில்லை; அதில் எதையும் வெட்டலாம் ஒட்டலாம் என்ற மனப்பான்மை, முரட்டு அடியாள் காலத்திலிருந்தே விநியோகஸ்தர்களிடம் இருந்துவருகிறது.

சட்டமும் இந்த மனப்பான்மைக்குத் துணை நிற்கிறது. 1957ஆம் ஆண்டின் பதிப்புரிமைச் சட்டம் திரைப்படத்தின் ஆசிரியர் என்று சொல்வது இயக்குநரை அல்ல, தயாரிப்பாளரை. படைப்பைச் சிதைத்தால் எதிர்க்கும் சிறப்புரிமை ஆசிரியருக்கு உண்டு. சிதைத்தவரே சட்டப்படி ஆசிரியராகவும் இருந்தால் யார் யாரை எதிர்ப்பது? இயக்குநருக்கு அந்தக் கதவு திறப்பது கடினம். நடிகருக்கு வேறொரு கதவு இருக்கிறது. 2012ஆம் ஆண்டுத் திருத்தம், தன் நிகழ்த்துதலைத் தன் நற்பெயருக்குக் கேடு வரும்படி சிதைத்தால் தடுக்கும் உரிமையை நிகழ்த்துகலைஞருக்குத் தந்தது. அப்படி ஒரு வழக்கு வந்தால் எழும் கேள்விகள் சுவையானவை. கண்ணாடி அறைக்குள் நின்று குரல் மட்டும் கொடுத்தவரும் நிகழ்த்துகலைஞர்தானா? தனுஷ் நடிக்காத, கணினி உண்டாக்கிய அந்தக் கண்விழிப்பு, அவருடைய நடிப்பின் சிதைவா, அல்லது அவருடையதே அல்லாத வேறொன்றா? வேறொன்று என்றால், அதைச் சுவரொட்டியில் அவர் பெயரில் விற்பது எந்தக் கணக்கு?